கோடபதி யாழும் தோட்டத்து உறுமியும்: கேட்போரை முன்வைத்து ஒரு வாசிப்பு

கேட்டாரை வயப்படுத்தும் மாயக் கருவி என்னும் கற்பனை தமிழுக்குப் புதியதன்று. ஆறலை கள்வரைப் படைக்கலம் கைவிடச் செய்யும் யாழைப் பொருநராற்றுப்படை காட்டுகின்றது. பகைகொண்ட விலங்குகளையும் ஓரிடத்தே உருகி நிற்கவைத்த ஆனாய நாயனாரின் குழலைச் சேக்கிழார் பாடுகின்றார். ஆயினும் தனக்கெனப் பெயரும் வரலாறும் இழப்பும் மீட்பும் உடையதாய், ஒரு காப்பிய மாந்தருக்கு நிகராக அமைந்த கருவி, கொங்குவேளிரின் பெருங்கதையில் வரும் கோடபதி யாழே. உ.வே. சாமிநாதையர் 1924இல் பெருங்கதையைப் பதிப்பித்ததிலிருந்து இந்த யாழ், ‘இசையின் ஆற்றல்’ என்னும் தலைப்பில் எழுதப்படும் கட்டுரைகளில் தவறாது இடம்பெற்று வருகின்றது. அக்கட்டுரைகளில் பெரும்பாலானவை கள்வர், களிறு, பாம்பு, மயில் என அடுக்கிச் சென்று, இசைக்கு மயங்காதார் இலர் என்று முடிகின்றன. மயங்கியவர் யார், அவர் ஏன் மயங்கினார் என்னும் வினாக்களை அவை எழுப்புவதில்லை. அவ்வினாக்களுக்குக் கோலா சிலாங்கூர் வட்டாரத் தோட்டக் கோயில்களில் ஒலிக்கும் உறுமி ஒரு விடை தருகின்றது என்பது எம் துணிபு.

முதலில் கோடபதியை நோக்குவோம். பிரமசுந்தர முனிவரிடம் இசை பயின்ற உதயணன், மதங்கொண்ட களிற்றையும் அடக்கவல்ல இந்த யாழைப் பெறுகின்றான். உஞ்சை நகரில் நளகிரி என்னும் பட்டத்து யானை வெறிகொண்டு திரிந்தபோது, சிறைப்பட்டிருந்த உதயணனே யாழிசையால் அதனை அடக்குகின்றான். அவனைச் சிறைசெய்த பிரச்சோதனனின் மகள் வாசவதத்தைக்கு அவன் யாழாசிரியன் ஆவதும் பின்னர் அவளைக் கொண்டு அந்நகர் நீங்குவதும் இவ்வித்தையின் வழிப்பட்டனவே. ஈண்டு ஒன்று நோக்கத்தக்கது. வாசிப்பவன் ஒருவன், அடங்குவது ஓர் உயிர். இசைப்பவன் உள்ளத்து உணர்வு எதுவும் களிற்றுக்குச் செல்வதாகத் தெரியவில்லை. அங்குசம் செய்யும் வேலையை நரம்பு இனிமையாகச் செய்கின்றது, அவ்வளவே. இதனை ஆளும் இசை எனலாம்.

இந்த ஆளும் இசை தோற்கும் இடமும் கதைமரபிலேயே உண்டு. உதயணன் சிறைப்பட்டதே ஒரு பொறியானையால் அன்றோ! பெருங்கதையின் முற்பகுதி இன்று கிடைக்கவில்லை. ஆகவே அக்காட்சியைக் கொங்குவேளிர் எங்ஙனம் பாடினார் என அறியக்கூடவில்லை. ஆனால் குணாட்டியரின் பிருகத்கதை மரபில் வந்த மற்றொரு நூலாகிய சோமதேவரின் கதாசரித்சாகரத்தில் (11ஆம் நூற்றாண்டு) அது விரிவாக உள்ளது. மாலை மங்கலில் உதயணன் வீணை மீட்டிப் பாடிக்கொண்டு யானையை அணுகுகின்றான். உள்ளே வீரர் மறைந்திருக்கும் அவ்வியந்திரம், இசையில் ஈடுபட்டது போலச் செவிகளை உயர்த்துகின்றது. சற்று நெருங்கியும் விலகியும் அவனைத் தொலைவுக்கு இழுத்துச் செல்கின்றது. கருவியில் குறையில்லை, வாசிப்பிலும் குறையில்லை. கேட்பதற்கு எதிரில் ஓர் உள்ளம் இல்லை. தன் இசையில் தானே மயங்கியவனுக்கு அது தெரியவுமில்லை. இசையின் ஆற்றலைப் பேசும் கட்டுரைகள் இக்காட்சியைத் தொடாமற் போவது வியப்பளிக்கின்றது. உயர்த்தப்பட்ட அந்தச் செவிகளை மனத்திற் கொண்டு மேலே செல்வோம்.

பொருநராற்றுப்படையின் கள்வர் நிலை வேறு. அவர்களை நெகிழ்விப்பது பாலை யாழ்; அவர்கள் வாழ்வதும் பாலை நிலத்திலேயே. வேற்று நிலத்துப் பண் ஒன்று வந்து அவர்களை அடக்கியதாகப் புலவர் பாடவில்லை. தம் வறட்சியின் பண்ணையே அவர்கள் கேட்டனர்.

இதனினும் தெளிவான சான்று சிலப்பதிகாரத்து வேட்டுவ வரி. எயினர் சேரியில் கொற்றவை வழிபாடு நிகழ்கின்றது. வழிப்பறியின்போது முழங்கும் பறையும் ஊதும் சின்னமும் கொம்பும் குழலுமே கொற்றவை முன்னும் ஒலிக்கின்றன. தொழிற் கருவிகளே வழிபாட்டுக் கருவிகள். தெய்வமேறிய சாலினி என்ன சொல்கின்றாள்? எதிர்காலத்தைக் கணித்து மட்டும் கூறவில்லை. பகைவர் ஊர்களில் ஆநிரை பெருகிவிட்டது, எயினர் மன்றம் பாழ்பட்டது, மறக்குடி தன் மறம் மறந்து அடங்கிவிட்டது, தெய்வத்துக்குரிய கடன் செலுத்தப்படவில்லை என்கின்றாள். கூடியிருந்தோர் அனைவரும் அறிந்திருந்து வாய்விட்டுச் சொல்லாத ஒன்று, ஒருத்தியின் வாய்வழி வெளிப்படுகின்றது. பறை எவரையும் ஆளவில்லை. ஏற்கெனவே பொதுவாக இருந்த துயருக்கு அது வாயில் திறந்தது. தொல்காப்பியர் உணர்ச்சியை மெய்ப்பாடு என்றார். உள்ளத்தில் உள்ளது மெய்யில் படுதல். இங்கோ ஊரின் உள்ளத்தில் உள்ளது ஒருத்தியின் மெய்யில் படுகின்றது.

கோலா சிலாங்கூர் மாவட்டமும் அதனை ஒட்டிய வட சிலாங்கூரும் தோட்டங்களால் உருவான நிலப்பரப்பு. மலேசியாவின் முதல் வணிகச் செம்பனைத் தோட்டமாகிய தென்னமாரம் 1917இல் இங்குதான் நடப்பட்டது. 2007இல் பெஸ்தாரி ஜெயா எனப் பெயர் மாறிய பத்தாங் பெர்ஜுந்தைக்கு அருகே உள்ளது. ஈஜோக், புக்கிட் ரோத்தான், ஜெராம் எனச் சாலையோரம் எங்கும் பால்மரமும் பின்னர்ச் செம்பனையும் தமிழர் உழைப்பில் தழைத்தன. லயத்து வீடுகளை ஒட்டி மாரியம்மனும் முனீஸ்வரனும் மதுரை வீரனும் குடிகொண்டனர். அக்கோயில்களின் திருவிழாவில் கரகம் எழும்போதும் தீமிதிக்குக் கூட்டம் கூடும்போதும் உறுமி ஒலிக்கின்றது. இடை சிறுத்த இருமுகக் கருவி அது. ஒரு முகத்தைக் குச்சியால் அடிக்க, மறுமுகத்தில் வளைந்த குச்சியை அழுத்தித் தேய்க்க, அழுகைக்கும் சீற்றத்துக்கும் இடைப்பட்ட ஓர் ஒலி எழுகின்றது. அவ்வொலியில் அருள் வருவோரை இவ்வட்டார விழாக்களில் நாம் கண்டவரையில், கூட்டம் அவர்களை வேடிக்கை பார்ப்பதில்லை. அவர்கள் வாயிலிருந்து வரும் சொல்லுக்குக் காத்து நிற்கின்றது. ‘என்னை மறந்துட்டீங்க’ என்று அம்மன் ஒருத்தியின் குரலில் கேட்கும்போது, நின்றவர்கள் அழுகின்றனர். இது கோடபதியின் குலம் அன்று. சாலினி கேட்ட பறையின் குலம்.

இதனை மூடநம்பிக்கை என ஒதுக்குவோர் நம்மிடையே உண்டு. அவர்களுக்குச் சங்க இலக்கியமும் ஓரளவு துணைநிற்கும். தலைவியின் மெலிவுக்கு முருகே காரணம் எனக் கருதித் தாய் வேலனை அழைத்து வெறியாடுவிக்க, உண்மை அறிந்த தோழி உள்ளுக்குள் நகைக்கும் அகப்பாடல்கள் பல. ஆனால் தோழி நகைப்பது இசையை அன்று. ஒருத்தி மட்டுமே அறிந்த தனித்துயரைப் பொதுவொலியால் தீர்க்க முயலும் பொருத்தமின்மையை நோக்கியே அந்நகை. பொதுத்துயர் இருக்குமிடத்தில் அந்நகைக்கு இடமில்லை.

அப்பொதுத்துயர் எத்தகையது என்பதை வரலாறு சொல்லும். 1950களின் பிற்பகுதியிலும் 1960களிலும் நிகழ்ந்த தோட்டத் துண்டாடல் பல குடும்பங்களின் வேலையோடு வீட்டையும் பறித்தது. துன் சம்பந்தன் 1960இல் தேசிய நிலநிதிக் கூட்டுறவுச் சங்கத்தைத் தோற்றுவித்தது அதனை எதிர்கொள்ளவே. பின்னாளில் வீடமைப்புத் திட்டங்களும் நகர வளர்ச்சியும் எஞ்சிய லயங்களையும் கலைத்தன. சில இடங்களில் லயம் இல்லை, பள்ளி இல்லை, கோயில் மட்டும் செம்பனை நடுவே நிற்கின்றது. ஆண்டுக்கொரு முறை கிள்ளானிலிருந்தும் ரவாங்கிலிருந்தும் கோலாலம்பூரிலிருந்தும் பழைய தோட்டத்தார் அங்கு வந்து கூடுகின்றனர்.

இற்றை நாளில் உறுமி நகரத்து இளைஞர் குழுக்களின் கருவியாகவும் ஆகிவிட்டது. சீருடை, ஒலிபெருக்கி, போட்டி, பரிசு என அதன் களம் விரிந்துள்ளது. இதனைச் சீரழிவு என்று சாடுவது எளிது. நாம் அதற்கு உடன்படோம். லயத்தில் வாழாத அவ்விளைஞருக்கும் அடுக்ககத்து நெருக்கமும் வேலைக்கான அலைச்சலும் பொதுவாகவே உள்ளன. அவர்தம் ஒலிக்கும் உரிய சாலினி தோன்றலாம். எம் ஐயம் மேடையைப் பற்றியது. ‘பண்பாட்டு அடையாளம்’ என்னும் அறிவிப்போடு உறுமி மேடையேற, முன்வரிசை தலையசைக்கும் வேளையில் அந்தப் பொறியானையின் செவிகள் நினைவுக்கு வருகின்றன.

யாழ் இந்நிலையையும் கடந்து வழக்கொழிந்தே போன கருவி. விபுலாநந்த அடிகள் 1947இல் வெளிவந்த யாழ் நூலில் அதன் அமைப்பைக் கணக்கிட்டு மீட்டுத் தந்தார்; அதனைக் கேட்டு நெகிழ்ந்த கூட்டத்தை மீட்டுத்தர அவராலும் இயலவில்லை. கோடபதியும் ஒருமுறை தொலைகின்றது. உஞ்சையை விட்டு நீங்கும் வழியில் நழுவிய அந்த யாழ் காட்டு மூங்கிலில் சிக்கி, காற்று அசைக்கும்போதெல்லாம் வாசிப்பார் இன்றி ஒலிக்கின்றது. அந்தணன் ஒருவன் வழியாக அது மீண்டும் உதயணனிடம் வருவதைப் பெருங்கதையின் வத்தவ காண்டம் கூறுகின்றது. பாசரின் சொப்பனவாசவதத்தத்தில் அந்த வீணைக்குக் கோஷவதி என்று பெயர். நருமதைக் கரைப் புதரில் கிடந்து மீண்ட அதனைக் கண்டதும், இறந்துவிட்டாள் எனத் தான் நம்பியிருக்கும் வாசவதத்தையை எண்ணி உதயணன் கலங்குகின்றான். அவள் மடியில் கிடந்த நீ பறவைகள் எச்சமிடும் காட்டில் எங்ஙனம் தங்கினாய் என்று அதனைக் கேட்கின்றான். களிறுகளை அடக்கிய கருவி அப்போது எதையும் அடக்கவில்லை. அவன் அதனை மீட்டக்கூட இல்லை.