அம்மா எங்கே நிற்கிறாள்?

இருட்டுக்குப் பயப்படும் பிள்ளைக்கு ஒரு புத்தகம், பள்ளிக்கூட வாசலில் அழும் பிள்ளைக்கு ஒரு புத்தகம், மேடையேற மறுக்கும் பிள்ளைக்கு ஒன்று, நாயைக் கண்டால் ஓடும் பிள்ளைக்கு ஒன்று. சிறுவர் படக்கதைகளை இன்று மருந்துக்கடைபோல நோய்வாரியாக அடுக்கிவிட்டார்கள். பின்னட்டையில் வயது போட்டிருக்கும். அதற்குக் கீழே 'துணிவு' என்றோ 'தன்னம்பிக்கை' என்றோ இருக்கும். பணம் கொடுத்து வாங்குபவர் பெற்றோர் என்பதால் அந்தச் சொல் அவர்களுக்காக அச்சிடப்பட்டது. ஆனால் அதே வீட்டில்தான் இரண்டு வாய் சோறு கூடுதலாக இறங்கப் பூச்சாண்டி கூப்பிடப்படுகிறான். "இப்ப சாப்பிடலைன்னா டாக்டர் மாமா வந்து ஊசி போட்டுடுவார்" என்பது நம் வீடுகளில் மிகச் சாதாரணமான வசனம். பகலெல்லாம் பயத்தை ஊட்டிவிட்டு, இரவில் பத்து நிமிடம் துணிவை வாசித்துக் காட்டுகிறோம்.

அதனால் இந்தப் புத்தகங்களே வீண் என்று நான் சொல்ல வரவில்லை. சில நன்றாகவே வேலை செய்கின்றன. பல செய்வதில்லை. எது எந்த வகை என்று அறிய, கதைக்குள் பெரியவர் எங்கே நிற்கிறார், பிள்ளை அஞ்சும் நேரத்தில் அவர் என்ன செய்கிறார் என்று பார்ப்பேன். பின்னட்டைச் சொற்களைவிட இது அதிகம் சொல்லிவிடும்.

தன்னால் ஒன்றைச் செய்ய முடியும் என்ற நம்பிக்கை மனிதருக்கு எங்கிருந்து வருகிறது என்பதை உளவியலாளர் ஆல்பர்ட் பண்டூரா 1977இல் நான்கு ஊற்றுகளாகப் பிரித்தார். தானே செய்து பார்த்த அனுபவம், தன்னைப் போன்ற ஒருவர் செய்வதைப் பார்ப்பது, பிறர் சொல்லும் ஊக்கச்சொல், உடலின் படபடப்பை ஒருவர் எப்படி எடுத்துக்கொள்கிறார் என்பது. இவற்றில் முதலாவதுதான் வலுவானது. புத்தகத்தால் அதைத் தர முடியாது. மடியில் உட்கார்ந்து கதை கேட்கும் பிள்ளை எந்த மலையையும் ஏறிவிடவில்லை. ஆக, படக்கதைக்குக் கிடைப்பவை இரண்டாவதும் மூன்றாவதும். இரண்டாவதை எடுத்துக்கொண்ட புத்தகங்கள் தேறுகின்றன. மூன்றாவதை மட்டும் நம்பியவை பெரும்பாலும் சுலோகமாகிவிடுகின்றன.

தேறும் வகைக்கு நான் காட்டும் நூல் ஜப்பானியப் படக்கதையான 'ஹாஜிமேதே நோ ஒட்சுகாய்'. 'முதல்முறையாகக் கடைக்கு' என்று சொல்லலாம். யோரிகோ த்சுட்சுயி எழுதி அகிகோ ஹயாஷி படம் வரைந்தது, 1970களின் நடுவில் வந்தது. மீ என்ற ஐந்து வயதுச் சிறுமி. வீட்டில் கைக்குழந்தை, அம்மாவுக்குக் கை ஒழியவில்லை, பால் தீர்ந்துவிட்டது. இரண்டு நூறு யென் நாணயங்களைக் கொடுத்து அம்மா அவளைக் கடைக்கு அனுப்புகிறாள். கதை இவ்வளவுதான். வழியில் சைக்கிள் ஒன்று உரசுவதுபோல் கடக்கிறது. மேட்டில் ஓடும்போது விழுந்து முழங்கால் சிராய்க்கிறது, நாணயங்கள் உருண்டோடுகின்றன. கடைக்குப் போனால் அவளுடைய குரல் யாருக்கும் கேட்கவில்லை. பெரியவர்கள் வருகிறார்கள், வேண்டியதை வாங்கிக்கொண்டு போகிறார்கள். கடைசியில் மீ அடிவயிற்றிலிருந்து கத்துகிறாள். கடைக்காரம்மா திரும்பிப் பார்க்கிறார். அந்த நிமிடத்தில்தான் அதுவரை அடக்கிவைத்த கண்ணீர் சிறுமிக்கு இறங்குகிறது.

அழுகை வரும் அந்த இடத்தை மட்டமான எழுத்தாளர் வெட்டியிருப்பார். வென்ற பிறகு அழுவானேன் என்று அவருக்குத் தோன்றும். பிள்ளைகளைப் பார்த்தவர்களுக்குத் தெரியும், ஆபத்து நீங்கிய பிறகுதான் அழுகை வரும். படங்களும் அப்படியே. சிறுமியின் கண்மட்டத்தில் தெரு தெரிகிறது, கடையின் முகப்பு மலைபோல் நிற்கிறது. அம்மா எங்கே என்று கேட்டால், அவள் இரண்டே இடத்தில் இருக்கிறாள்: தொடக்கத்தில் வீட்டில், முடிவில் மேட்டின் அடிவாரத்தில், கைக்குழந்தையோடு. இடையில் அவள் இல்லை. பாராட்டுரை நிகழ்த்தவும் வரவில்லை. பின்னட்டைப் படத்தில் மீ முழங்காலில் கட்டோடு பால் குடித்துக்கொண்டிருக்கிறாள். காயம் ஆறவில்லை, பால் வந்துவிட்டது.

இந்த நூலின் குறையும் அதன் பலத்திலிருந்தே வருகிறது. ஐந்து வயதுப் பிள்ளையைத் தனியே அனுப்பக்கூடிய தெரு ஒன்று இருந்தால்தான் இந்தத் துணிவு சாத்தியம். நிப்பான் டிவி 1991 முதல் இதே பெயரில் நிகழ்ச்சி நடத்துகிறது. நிஜப் பிள்ளைகள் நிஜக் கடைக்குப் போவார்கள், ஒளிந்திருக்கும் படப்பிடிப்புக் குழு பின்தொடரும். நூலில் அம்மா விலகி நின்றதுதான் விஷயம். தொலைக்காட்சியில் அவளுடைய இடத்தில் ஒரு குழுவே நிற்கிறது. நம்மூரில் ஒரு தலைமுறை முன்புவரை அண்ணாச்சி கடைக்குப் போய்த் தயிர் வாங்கிவருவதை யாரும் துணிச்சல் என்று கணக்கில் சேர்க்கவில்லை. இன்று அடுக்குமாடி வளாகத்தின் கேட்டைத் தாண்டவே பிள்ளைக்கு அனுமதி இல்லை. கேட்டைத் திறக்காமல் இந்தப் புத்தகத்தை மட்டும் வாங்கித் தருவது வேடிக்கைதான்.

சென்டாக்கின் மாக்ஸ் உலகம் அறிந்தவன். 1963இல் வந்த 'வேர் த வைல்ட் திங்ஸ் ஆர்' நூலில், ஓநாய் உடை போட்டு அட்டகாசம் செய்ததற்காகச் சாப்பாடு இல்லாமல் அறைக்கு அனுப்பப்பட்டவன். அங்கே காடு முளைக்கிறது, கோர மிருகங்களுக்கு அவன் அரசனாகிறான், பிறகு வீடு திரும்புகிறான். உருவத்தில் இந்த நூல் அற்புதம். தொடக்கத்தில் வெள்ளை ஓரத்துக்குள் சிறிதாக இருக்கும் படம் பக்கத்துக்குப் பக்கம் பெரிதாகிறது. மிருகங்களின் கும்மாளத்தின்போது சொற்களே இல்லை, இரண்டு பக்கங்களையும் படம் நிறைத்துவிடுகிறது. கோபம் தணியத் தணியப் படமும் சுருங்குகிறது. எழுத்து தெரியாத பிள்ளைக்கு இந்த வீங்கலும் வடிதலும்தான் கதை. அம்மாவை ஒரு படத்திலும் காட்டவில்லை. ஆனால் அவன் திரும்பும்போது உணவு சூடாகக் காத்திருக்கிறது. இந்த நூல் பிள்ளைகளைப் பயமுறுத்தும் என்று புருனோ பெட்டல்ஹைம் போன்ற உளவியலாளர்களே அன்று எச்சரித்தார்கள். பிள்ளைகள் அந்த எச்சரிக்கையைக் கண்டுகொள்ளவில்லை. அவர்களுக்குப் பயம் ஏற்கெனவே இருந்தது, அதற்கு முகம் வரைந்து கொடுத்தவர் சென்டாக்.

இனி சுலோக வகைக்கு வருவோம். இதன் மூதாதையாக எல்லோரும் காட்டுவது 1930இல் அமெரிக்காவில் வந்த 'த லிட்டில் எஞ்சின் தட் குட்'. பெரிய எஞ்சின்கள் மறுத்துவிட, மலையைத் தாண்டியே இராத ஒரு சின்ன நீல எஞ்சின் பொம்மைகள் ஏற்றிய ரயிலை இழுத்துப் போகிறது. ஏறும்போது தன்னால் முடியும் என்று தோன்றுவதாகச் சக்கரத்தின் தாளத்தில் சொல்லிக்கொண்டே போகிறது. தன்னம்பிக்கைப் பேச்சாளர்கள் கையில் சிக்கி இந்தக் கதை சீரழிந்தது உண்மை. ஆனால் மூலக்கதைக்கு நியாயம் செய்ய வேண்டும். அந்த எஞ்சின் 'நான் சிறந்தவள்' என்று ஒருமுறையும் சொல்லவில்லை. கண்முன் உள்ள ஏற்றத்தைப் பற்றித்தான் பேசுகிறது, அதையும் தயக்கத்தோடு. பின்னால் வந்த வழித்தோன்றல்கள் வேலையைக் கழற்றிவிட்டுப் பெருமிதத்தை மட்டும் வைத்துக்கொண்டன. 'நான் அழகானவள், நான் வீரன், என்னால் எல்லாம் முடியும்' என்று பக்கத்துக்கு ஒரு வாக்கியமும், பளிச்சென்ற நிறமும், சிரிக்கும் முகமும். இவற்றில் கதையே இல்லை. யாருக்கும் எதுவும் நடப்பதில்லை.

இது தீங்கற்றது என்றுகூடச் சொல்ல முடியவில்லை. ஜோஆன் வுட்டும் அவருடன் பணிபுரிந்தவர்களும் 2009இல் வெளியிட்ட ஆய்வில், தன்மதிப்புக் குறைந்தவர்கள் தம்மைத் தாமே புகழும் வாக்கியத்தைத் திரும்பத் திரும்பச் சொன்னபோது அப்படிச் சொல்லாதவர்களைவிட மோசமாக உணர்ந்தார்கள். ஏற்கெனவே நம்பிக்கை உள்ளவர்களுக்குத்தான் சிறிது பலன். அவர்கள் பெரியவர்கள். பிள்ளைகளிடமும் எடி ப்ரம்மல்மான் குழுவினர் 2014இல் இதற்கு நெருக்கமான ஒன்றைக் கண்டார்கள்: தன்மதிப்புக் குறைந்த பிள்ளையை மிகையாகப் புகழ்ந்தால், அது அடுத்த முறை கடினமான வேலையைத் தவிர்த்துவிடுகிறது. பெயரைக் காப்பாற்ற வேண்டுமே. ஆக, யாருக்காக இந்தப் புத்தகம் வாங்கப்படுகிறதோ அந்தப் பிள்ளைக்குத்தான் அது உதவாமல் போக வாய்ப்பு அதிகம்.

துணிவு நூல்களின் இன்னொரு பொய், கடைசிப் பக்கத்தில் பயம் பூண்டோடு போய்விடுவது. இதற்கு மாற்றாக ரியூசுகே சைட்டோ எழுதி, ஜிரோ தகிதைரா வெட்டுக்காகிதச் சித்திரங்களால் அணிசெய்த 'மோச்சிமோச்சி நோ கி' (1971) நூலைச் சொல்வேன். மலைக்குடிசையில் தாத்தாவோடு வாழும் மாமெட்டாவுக்கு ஐந்து வயது. வாசலில் உள்ள பெரிய மரத்துக்குப் பயந்து, இரவில் ஒன்றுக்குப் போகக்கூடத் தாத்தாவை எழுப்புபவன். ஒரு நள்ளிரவில் தாத்தா வயிற்றுவலியில் துடிக்க, வெறுங்காலோடு பனியில் மலையிறங்கி வைத்தியரை அழைத்துவருகிறான். தாத்தா பிழைக்கிறார். அன்றிரவு பையன் மறுபடி தாத்தாவை எழுப்புகிறான், ஒன்றுக்குப் போகத் துணைக்கு. அந்த முடிவுக்காகவே இந்த நூலுக்கு எத்தனை பரிசும் தகும். துணிந்ததும் உண்மை, இன்னும் பயப்படுவதும் உண்மை. பாம்புக்கு அஞ்சியவர்களை வைத்து டொனால்ட் மைக்கன்பாம் 1971இல் செய்த ஆய்வும் இதன் பக்கம்தான் நிற்கிறது. முதலிலிருந்தே அஞ்சாதவரைப் பார்த்தவர்களைவிட, நடுங்கி நடுங்கிப் பிறகு சமாளித்தவரைப் பார்த்தவர்களுக்குத்தான் பயம் அதிகம் குறைந்தது.

பாம்பு என்றதும் நம் ஊர்க் கதை ஒன்றுக்கு வர வேண்டும். சென்னைத் துளிகா வெளியிட்ட 'காளியும் சாரைப்பாம்பும்'. ஆங்கிலத்தில் எழுதியவர் சாய் விட்டேகர், படம் ஸ்ரீவித்யா நடராஜன். காளி இருளர் சிறுவன், அப்பா பாம்பு பிடிப்பவர். படிப்பில் கெட்டி. ஆனாலும் அவன் கொண்டுவரும் தீனியைப் பார்த்து வகுப்பு முகம் சுளிக்கிறது, அவனும் கூசிப்போகிறான். ஒருநாள் வகுப்புக்குள் சாரைப்பாம்பு ஒன்று வந்துவிடுகிறது. எல்லோரும் அலறுகிறார்கள், காளி அதை லாவகமாகப் பிடிக்கிறான், நாயகனாகிறான். இருளர் சிறுவனை மையத்தில் வைத்து, அவனுடைய குலத்தொழிலை அறிவாகவும் திறனாகவும் காட்டிய படக்கதைகள் நம்மிடம் மிகக் குறைவு. அந்த அளவில் இது முக்கியமான நூல், குழந்தைகள் விரும்பிக் கேட்பதும்கூட. பெரியவர்களின் பயமும் இங்கே மறைக்கப்படவில்லை, ஆசிரியரும் சேர்ந்தே அஞ்சுகிறார்.

ஆனால் கணக்கு எனக்கு நெருடுகிறது. பாம்பு வராமல் போயிருந்தால்? காளி அன்றும் ஓரத்தில்தான் உட்கார்ந்திருப்பான். ஒதுக்கியவர்கள் கைதட்டுகிறார்கள், கைதட்டல் மன்னிப்பாகிவிடுகிறது. மாற வேண்டியவர்கள் வகுப்பிலிருந்த மற்றவர்கள். சாதித்துக் காட்ட வேண்டிய பொறுப்பு விழுந்ததோ காளியின் தலையில். கதைக்கு வெளியேயும் நாம் இப்படித்தான் நடந்துகொள்கிறோம். 1978இல் இருளர் பாம்பு பிடிப்போர் கூட்டுறவுச் சங்கம் வடநெம்மேலியில் தொடங்கியது, நாட்டின் பாம்புக்கடி மருந்துக்கு விஷம் தருகிறது. இருளர்களான வடிவேல் கோபாலும் மாசி சடையனும் ஃப்ளோரிடா வரை போய் மலைப்பாம்பு பிடித்துக் கொடுத்தார்கள், 2023இல் பத்மஸ்ரீ பெற்றார்கள். பெருமைதான். பாம்பு பிடிக்கத் தெரியாத இருளர் பிள்ளைக்கு வகுப்பில் என்ன இடம் என்பதற்கு விருதிலும் பதில் இல்லை, நூலிலும் இல்லை. குறையுள்ள பிள்ளை, கறுத்த பிள்ளை, திக்கிப் பேசும் பிள்ளை என்று எவரைப் பற்றிய தன்னம்பிக்கை நூலை எடுத்தாலும் பெரும்பாலும் இதே சாரைப்பாம்பு ஏதோ ஓர் உருவில் வந்துவிடுகிறது.

இதற்கு நேரெதிரில் நிற்பது 1936இல் வந்த மன்றோ லீஃபின் 'ஃபெர்டினாண்ட்'. முட்டி மோத விருப்பமில்லாமல் மரத்தடியில் பூ முகர்ந்துகொண்டிருக்கும் காளைமாடு. வாடிவாசலைப் பார்த்து வளர்ந்த நமக்குச் சிரிப்பு வரலாம். மகன் தனிமையில் ஏங்குகிறானோ என்று தாய்ப்பசு கவலைப்படுகிறது, அவன் நன்றாகத்தான் இருக்கிறான் என்று கண்டதும் விட்டுவிடுகிறது. மாட்ரிட் களத்துக்கு இழுத்துப் போனபோதும் அவன் சண்டையிடவில்லை. எதையும் நிரூபிக்காமலே வீடு திரும்புகிறான். ஃபிராங்கோவின் ஸ்பெயின் இதைத் தடை செய்தது. பூ முகரும் மாட்டில் அரசுக்கு என்ன ஆபத்து தெரிந்ததோ, அதுவே துணிவுக்கு நல்ல சான்று.

மறுக்கும் துணிவுதான் நம் அலமாரியில் பெரும் பற்றாக்குறை. சிங்கத்தை ஏமாற்றும் முயல் பஞ்சதந்திரத்திலிருந்தே நம்மிடம் உண்டு. பள்ளத்தைத் தாண்டும், இருட்டில் நடக்கும் பிள்ளைகளும் வந்துவிட்டார்கள். பெரியவரிடம் 'மாட்டேன்' என்று சொல்லி, சொன்னதற்காகத் தண்டனையோ திருந்தலோ இல்லாமல் கதையை முடிக்கும் பிள்ளை அரிது. சௌம்யா ராஜேந்திரன் எழுதி சாத்விக் கடே வரைந்த அம்பேத்கர் படக்கதை, அவரை 'ஏன்' என்று கேட்ட சிறுவனாக முன்வைக்கிறது. அந்த வரிசையில் அதைச் சொல்லலாம். ஆனால் அம்பேத்கர் என்றால் பெற்றோர் ஒப்புவார்கள், அவர் வரலாறாகிவிட்டவர். தன் வீட்டுப் பிள்ளை 'ஏன்' என்று கேட்பதை அதே பெற்றோர் வாயாடித்தனம் என்பார்கள். தொடக்கூடாத இடத்தில் யாராவது தொட்டால் 'வேண்டாம்' என்று கத்தச் சொல்லித்தரும் நூல்கள் இப்போது நிறைய வருகின்றன, அவை தேவையும்தான். ஆனால் வயிறு நிறைந்தபின் சொன்ன 'வேண்டாம்' செல்லாத வீட்டில், முத்தம் கேட்கும் உறவினரிடம் சொன்ன 'வேண்டாம்' மரியாதைக் குறைவாகிவிடும் வீட்டில், அந்த ஒரு பக்கத்தின் 'வேண்டாம்' மட்டும் எப்படிச் செல்லுபடியாகும்?

வாசிக்கும் விதம் பற்றி ஒன்று. தமிழில் வரும் படக்கதைகளில் கணிசமானவை மொழிபெயர்ப்பு, பெரும்பாலும் எழுத்துநடை. நல்ல வாசிப்பாளர் அதைப் பார்த்தபடியே பேச்சுத்தமிழுக்கு மாற்றிச் சொல்லிவிடுவார். ஸ்டோரிவீவர் தளத்தில் ப்ரதம் புக்ஸ் 2015 முதல் கதைகளைத் தமிழிலும் இலவசமாகத் தருவதால் காசு இல்லை என்ற சாக்கும் குறைந்துவிட்டது. சிக்கல் கதை முடிந்த பிறகு வரும் கேள்வியில் இருக்கிறது. "பார்த்தியா, அவ எவ்வளவு தைரியமா போனா? நீயும் அப்படி இருக்கணும்" என்று சொன்ன கணமே மீ எதிர்வீட்டுப் பிள்ளையாகிவிடுகிறாள், நம் பிள்ளை தோற்றவளாகிவிடுகிறாள். ஒன்றும் சொல்லாமல், கேட்டால் இன்னொரு முறை வாசித்துவிட்டு, மறுநாள் பத்து ரூபாயைக் கையில் கொடுத்துக் கடைக்கு அனுப்பிப் பார்க்கலாம். கடை கேட்டுக்கு உள்ளேயே இருந்தாலும் சரி.