கேம் இருக்கு, ஜெயிச்சதைத்தான் காணோம்

"மாமா, கேம் எல்லாம் அப்படியே இருக்கு. நான் ஜெயிச்சு வச்சதுதான் காணோம்."

ஞாயிற்றுக்கிழமை காலை வளையமாதேவியிலிருந்து அக்கா மகன் கூப்பிட்டான். பதினொன்றாம் வகுப்பு படிக்கிறான். குரலில் அழுகை இல்லை. அழுகைக்கு முந்திய மரியாதை இருந்தது. இரண்டு வாரத்துக்கு முன் அவன் லேப்டாப்பில் பிளேஸ்டேஷன் 2 எமுலேட்டரைப் போட்டுக் கொடுத்தவன் நான். இந்த விமர்சனத்தில் பாதியை அந்த இரண்டு வாரத்துக்கு முன்பே மனசுக்குள் எழுதி முடித்திருந்தேன். அந்த ஒரு போன் மீதியை மாற்றிவிட்டது.

வளையமாதேவி என்றதும் பலருக்கும் 2023 ஜூலையில் நெய்வேலி சுரங்கத்துக்கான பரவனாற்று மாற்றுக் கால்வாய்க்காக, நெல் நின்ற வயலில் பொக்லைன் இறங்கிய காட்சிதான் நினைவுக்கு வரும். அந்த ஊர்தான். இன்றும் அங்கே நாலு பேர் கூடினால் பேச்சு நிலத்துக்கும் சுரங்கத்துக்கும் போய்விடும். நான் போனது அக்கா வீட்டுப் பரணில் கிடந்த ஒரு பையை இறக்க. நெய்வேலி டவுன்ஷிப்பில் குடியிருந்த காலத்தில் வாங்கிய பிஎஸ்2 ஸ்லிம், இரண்டு கன்ட்ரோலர், ஒரு மெமரி கார்டு, இருபதுக்கும் மேல் டிஸ்க். பெட்டியை டிவியில் மாட்டினால் சிவப்பு விளக்கு பச்சையாகிறது, மெனு வருகிறது, டிஸ்க்கை மட்டும் படிக்க மாட்டேன் என்கிறது. லென்ஸ் போய்விட்டது. சோனி இந்தப் பெட்டியின் தயாரிப்பை 2013 தொடக்கத்திலேயே நிறுத்திவிட்டதால் புது லென்ஸ் தேடுவதை விடக் கணினியில் ஓட்டுவது சுலபம் என்று முடிவு செய்தேன்.

அதற்கான மென்பொருள் பிசிஎஸ்எக்ஸ்2. 2002இலிருந்து வளர்ந்து வருகிற இலவச, திறந்த மூல எமுலேட்டர். மருமகனிடம் இருந்தது பழைய ஐ5 லேப்டாப், 8 ஜிபி ரேம், தனி கிராஃபிக்ஸ் கார்டு கிடையாது. படத்தின் தெளிவை இரண்டு மடங்கு வரை ஏற்றினால் தாங்கியது, மூன்றில் மூச்சு வாங்கியது. ஓட்டம் பற்றி இதற்கு மேல் சொல்ல ஒன்றுமில்லை. யூடியூபில் ஆயிரம் பேர் பிரேம் எண்ணிக் கொண்டிருக்கிறார்கள். எனக்குப் பேச வேண்டியது ஃபோல்டர்களைப் பற்றி.

முதலில் டிஸ்க்குகளைப் பிரித்தேன். பையில் பாதிக்கு மேல் மார்க்கரில் பெயர் எழுதிய நகல்கள். பர்மா பஜார் காலத்துப் பாவம். அவற்றை ஓரம் கட்டினேன். ஒழுக்கத்துக்காக என்று சொன்னால் பொய், பெரும்பாலானவை இப்போது எந்த டிரைவிலும் படிக்கவில்லை. ஒரிஜினல்களில் அடிப்பக்கம் வெள்ளியாக இருந்தால் டிவிடி, நீலமாக இருந்தால் சிடி. இதை ஏன் சொல்கிறேன் என்றால், யூஎஸ்பி டிவிடி டிரைவில் போட்டு நகலெடுக்கும்போது முதல் வகை ஒரே ஐஎஸ்ஓ கோப்பாக வரும், இரண்டாவது வகை பின், க்யூ என்று ஜோடியாக வரும். ஜோடியைப் பிரித்து இரண்டு ஃபோல்டரில் போட்டால் பின்னால் தலைவலி. நல்ல டிஸ்க் ஒன்றுக்குப் பத்து நிமிடம். குறுக்கே கீறல் விழுந்த ஒரு மல்யுத்த டிஸ்க் முக்கால் மணி நேரம் முனகிவிட்டுக் கடைசியில் வந்து சேர்ந்தது.

இது சட்டப்படி சரியா என்று அக்கா கேட்டாள். கூட்டுறவு சொசைட்டியில் கணக்குப் பார்க்கிறவள், கேட்பாள். இந்தியப் பதிப்புரிமைச் சட்டம் 1957இன் 52ஆம் பிரிவு, முறையாக வாங்கிய கணினி நிரலுக்குப் பாதுகாப்பு நகல் எடுக்கவும், சொந்த நகலிலிருந்து வணிக நோக்கமில்லாத தனிப் பயன்பாட்டுக்கு நகல் எடுக்கவும் இடம் தருகிறது. எமுலேட்டர் எழுதுவது தனிக் கதை. அமெரிக்காவில் சோனி, எமுலேட்டர் எழுதிய கனெக்டிக்ஸ் என்ற நிறுவனத்தின் மேல் போட்ட வழக்கில் 2000இல் மேல்முறையீட்டு நீதிமன்றம் கனெக்டிக்ஸ் பக்கம் நின்றது. அதற்காக இஷ்டத்துக்கு ஆடலாம் என்றும் இல்லை. 2024இல் ஸ்விட்ச் எமுலேட்டரான யூசுவை எழுதியவர்கள் நின்டென்டோவுக்கு 24 லட்சம் டாலர் தர ஒப்புக்கொண்டு கடையை மூடினார்கள். "அப்ப இணையத்துல சும்மா கிடைக்கிறதை இறக்கக் கூடாது, அவ்ளோதானே" என்றாள் அக்கா. அவ்வளவுதான்.

அடுத்தது பயாஸ். பெட்டியின் உயிர்நாடி மாதிரியான 4 எம்பி கோப்பு. பிசிஎஸ்எக்ஸ்2 அதைத் தராது, நம் பெட்டியிலிருந்து நாமே எடுக்க வேண்டும். இங்கேதான் லென்ஸ் போன பெட்டி கை கொடுத்தது. ஃப்ரீ மெக்பூட் போட்ட மெமரி கார்டு ஒன்றைச் செருகினால் டிஸ்க்கே இல்லாமல் பெட்டி நம் சொல் கேட்கும். பயாஸை ஒரு பென்டிரைவில் இறக்கிக் கொள்ளலாம். பென்டிரைவ் எஃப்ஏடி32 வடிவத்தில் இருக்க வேண்டும். அந்தக் காலத்து யூஎஸ்பி என்பதால் நத்தை வேகம், ஆனால் வரும். இன்னொரு விஷயம்: எமுலேட்டர் அந்த பயாஸுக்குப் பக்கத்திலேயே கடிகாரம், மொழி முதலிய அமைப்புகளுக்கென ஒன்றிரண்டு சின்னக் கோப்புகளை எழுதி வைத்துக்கொள்ளும். ஆகவே பயாஸ் ஃபோல்டர் எழுத அனுமதியுள்ள இடமாக இருக்க வேண்டும். 'புரோகிராம் ஃபைல்ஸ்' உள்ளே கொண்டுபோய் வைக்காதீர்கள்.

இனி கேம் ஃபோல்டர். டி டிரைவில் 'கேம்ஸ்' என்று ஒன்று, அதற்குள் 'பிஎஸ்2', அதற்குள் எல்லா ஐஎஸ்ஓவும். எமுலேட்டரில் செட்டிங்ஸ் போய், கேம் லிஸ்ட் பக்கத்தில் அந்த ஃபோல்டரைச் சேர்த்தால், உள் ஃபோல்டர்களையும் தேடவா என்று கேட்கும். ஆமாம் என்றேன். சில நொடியில் பட்டியல் நிரம்பியது. மருமகன் அதற்குள் ஒரு கோப்புக்கு 'மல்யுத்தம்' என்று தமிழிலேயே பெயர் மாற்றியிருந்தான். பட்டியலில் அது தமிழில் வரவில்லை, டபிள்யூடபிள்யூஇ ஸ்மாக்டவுன் என்று முழு ஆங்கிலப் பெயரோடு வந்து நின்றது. "நான் வச்ச பேரு எங்க மாமா போச்சு?" என்றான். போகவில்லை. இந்த மென்பொருள் கோப்பின் பெயரைப் பார்ப்பதில்லை. டிஸ்க்குக்குள் இருக்கும் வரிசை எண்ணைப் படித்து, தன்னிடம் உள்ள பட்டியலில் அந்த எண்ணுக்கு எந்தப் பெயரோ அதைக் காட்டுகிறது. அட்டைப் படமும் அந்த எண்ணை வைத்தே வந்து ஒட்டுகிறது. எனக்கு இது பிடித்திருந்தது. நாம் எவ்வளவு அலங்கோலமாகப் பெயர் வைத்தாலும் பட்டியல் சுத்தமாக இருக்கிறது. அவனுக்குப் பிடிக்கவில்லை. கேமின் மேல் வலது கிளிக் செய்து, பிராப்பர்ட்டீஸில் தலைப்பை மறுபடி 'மல்யுத்தம்' என்று மாற்றிக்கொண்டான்.

பையில் 2009இல் வெளியான 'தேசி அட்டா'வும் இருந்தது. ஹைதராபாத்காரர்கள் செய்த பிஎஸ்2 கேம். கபடி, கில்லி, காற்றாடி எல்லாம் உண்டு. வாசலில் இறங்கினால் நிஜக் கபடி ஆடுகிற ஊரில் அதை லேப்டாப்பில் ஆடுவது கொஞ்சம் கூச்சமாகத்தான் இருந்தது. ஆனாலும் மூன்று ஆட்டம் ஆடினோம்.

இப்போது ஞாயிற்றுக்கிழமை போனுக்கு வருகிறேன்.

பிசிஎஸ்எக்ஸ்2வை இன்ஸ்டாலர் வழியாகப் போட்டால், சேவ், பயாஸ், அமைப்பு எல்லாவற்றையும் விண்டோஸின் டாக்குமென்ட்ஸ் ஃபோல்டருக்குள் கொண்டு போய் வைக்கும். ஜிப் கோப்பாக இறக்கி, நிரலுக்குப் பக்கத்தில் 'போர்ட்டபிள்' என்ற பெயரில் ஒரு வெற்று டெக்ஸ்ட் கோப்பு இருந்தால், எல்லாவற்றையும் தன் ஃபோல்டருக்குள்ளேயே வைத்துக்கொள்ளும். எனக்கு எப்போதும் இரண்டாவது வழிதான் பிடிக்கும். ஒரே ஃபோல்டர், அப்படியே பென்டிரைவில் தூக்கிப் போகலாம். அவனுக்கும் அப்படியே போட்டுக் கொடுத்தேன். அதில் ஒன்றைச் சொல்ல மறந்தேன். நிரலுக்குள்ளேயே சேவ் இருக்கிறது என்றால், நிரலை அழித்தால் சேவும் போகும்.

அவன் செய்தது இதுதான். புதுப் பதிப்பு வந்ததாக நண்பன் சொன்னான். பழைய ஃபோல்டரை ஷிஃப்ட் டெலிட் அடித்தான், ரீசைக்கிள் பின்னுக்குக்கூடப் போகவில்லை. புது ஜிப்பை அதே இடத்தில் விரித்தான். பயாஸ் இல்லை என்றது, பென்டிரைவிலிருந்து போட்டான். கேம் பட்டியல் காலி, ஃபோல்டரைச் சேர்த்தான், திரும்ப வந்தது. மெமரி கார்டு மட்டும் வரவில்லை. பெயர் 'எம்சிடி001', அளவு 8,448 கேபி. நல்ல போனில் எடுத்த இரண்டு போட்டோ அளவு. நாலு ஜிபி கேம்களில் எதுவும் போகவில்லை, போயிருந்தாலும் டிஸ்க் இருக்கிறது. எந்த டிஸ்க்கிலும் இல்லாத ஒரே பொருள் அந்த எட்டு எம்பிதான்.

தப்பு என்னுடையது. சரி செய்யவும் வழி இருந்திருக்கிறது, நான்தான் அந்தப் பக்கம் போகவில்லை. செட்டிங்ஸில் மெமரி கார்டு பக்கத்தில் அந்த ஃபோல்டர் எங்கே இருக்க வேண்டும் என்று நாமே சொல்லலாம். டி டிரைவில் நிரலுக்கு வெளியே ஒரு இடம் காட்டிவிட்டால் நிரலை எத்தனை தடவை அழித்தாலும் கவலை இல்லை. சேவ் ஸ்டேட்டை நம்பாதீர்கள் என்பதையும் சேர்த்துச் சொல்லிவிடுகிறேன். நினைத்த நொடியில் உறைய வைக்கும் அந்த வசதி அவசரத்துக்கு நல்லது. பதிப்பு மாறினால் திறக்காமலும் போகலாம். கேமுக்குள் போய் முறையாக மெமரி கார்டில் சேவ் செய்வதே நிலைக்கும். இடையில் கரண்ட் போனால்? லேப்டாப் என்பதால் பிழைத்தோம். டெஸ்க்டாப் வைத்திருப்பவர்கள் சேவ் ஆகிக் கொண்டிருக்கும்போது யூபிஎஸ்ஸின் கருணையில் இருக்கிறார்கள்.

ஒப்பிட்டுப் பார்க்க அதே லேப்டாப்பில் இன்னும் இரண்டு போட்டேன். பிஎஸ்பி கேம்களுக்கான பிபிஎஸ்எஸ்பிபியை 2012இல் ஹென்ரிக் ரிட்கார்ட் தொடங்கினார். பயாஸ் கேட்காது. விரித்த இடத்திலேயே 'மெம்ஸ்டிக்' என்று ஃபோல்டர் உண்டாக்கி, நிஜ பிஎஸ்பியின் மெமரி ஸ்டிக் எப்படி இருக்குமோ அதே அமைப்பில் சேவை அடுக்கி வைக்கும். மூன்றில் ஃபோல்டர் ஒழுங்கு இதற்குத்தான். அதே லேப்டாப்பை விட மெலிந்த, அக்கா மகளுக்கு அரசு கொடுத்த விலையில்லா மடிக்கணினியிலும் இது ஓடியது. பிசிஎஸ்எக்ஸ்2 அதில் தவழ்ந்தது.

ரெட்ரோஆர்ச் வேறு ஜாதி. மரியோ காலத்திலிருந்து எல்லாப் பெட்டிகளையும் ஒரே கூரையின் கீழ் கொண்டு வரும். அதற்கான விலையைப் பொறுமையில் கட்ட வேண்டும். ஃபோல்டர் அமைக்கும் பக்கமே ஒரு மளிகைச் சிட்டை நீளம். பயாஸ் கோப்பின் பெயர் ஓர் எழுத்து பிசகினாலும் கண்டுகொள்ளாது. தன்னிடம் பதிவில்லாத கேமைத் தேடலில் காட்டாமலே விட்டுவிடும், கையால்தான் சேர்க்க வேண்டும். அதன் பட்டியல்கள் கோப்பின் முழு விலாசத்தையும் எழுதி வைத்துக்கொள்கின்றன. வெளி ஹார்ட் டிஸ்க் நேற்று ஈ டிரைவாகவும் இன்று எஃப் டிரைவாகவும் வந்தால், வீடு மாறியதும் ரேஷன் கார்டு பழைய கடையிலேயே நிற்கிற மாதிரி, பட்டியல் முழுக்கச் செத்துப்போகும். ஒரு மாலை செலவிடத் தயார் என்றால் போடுங்கள். இல்லை என்றால் வேண்டாம்.

என் தேர்வு பிசிஎஸ்எக்ஸ்2தான், மெமரி கார்டை வெளியே வைத்து.

போன வாரம் மறுபடி வளையமாதேவி போனேன். நிஜ மெமரி கார்டு இன்னும் பெட்டியில் இருந்தது. ஒரு ஸ்லாட்டில் மெக்பூட், இன்னொன்றில் அது. என் பழைய சேவ்களைப் பென்டிரைவில் இறக்கி, எமுலேட்டரின் கார்டுக்குள் ஏற்றினேன். 'சான் ஆண்ட்ரியாஸ்' கேமில் நான் கல்லூரி நாளில் விட்ட இடம் அப்படியே இருந்தது. மருமகன் எட்டிப் பார்த்தான்.

"உங்க சேவ் வேணாம் மாமா. நான் மொதல்லேருந்தே ஆடிக்கிறேன்."

டி டிரைவில் அவனே ஒரு ஃபோல்டர் திறந்தான். பெயர் 'தொடாதே'. மெமரி கார்டை அதற்குள் வைத்து, செட்டிங்ஸில் அந்த இடத்தைக் காட்டினான். அப்படியே ஒரு நகலைப் பென்டிரைவிலும் போட்டான். அடுப்படியிலிருந்து கையைத் துடைத்துக்கொண்டு வந்த அக்கா கொஞ்ச நேரம் திரையைப் பார்த்துக்கொண்டு நின்றாள்.

"டேய், அதுக்குள்ளயே வீட்டுப் பட்டா ஸ்கேனையும் போட்டு வைக்கலாமா?"