டைரி ஆஃப் எ மேட்மேன்: ஓஸி ஓஸ்போர்னின் இரண்டாவது தனி இசைத்தொகுப்பும் அதன் சுற்றுப்பயணமும்

டைரி ஆஃப் எ மேட்மேன் (ஒரு பைத்தியக்காரனின் நாட்குறிப்பு) இங்கிலாந்தைச் சேர்ந்த ராக் பாடகர் ஓஸி ஓஸ்போர்னின் இரண்டாவது தனி இசைத்தொகுப்பு. ஜெட் ரெக்கார்ட்ஸ் நிறுவனம் 1981 நவம்பரில் இதை வெளியிட்டது. எட்டுப் பாடல்கள் கொண்ட இந்தத் தொகுப்பு ஹெவி மெட்டல் இசையின் முதன்மையான படைப்புகளில் ஒன்றாகக் கருதப்படுகிறது. கிட்டார் கலைஞர் ராண்டி ரோட்ஸ் பங்களித்த கடைசி ஸ்டூடியோ தொகுப்பும் இதுவே. இதற்கான சுற்றுப்பயணத்தின் நடுவில், 1982 மார்ச் 19 அன்று நடந்த விமான விபத்தில் ரோட்ஸ் தன் 25ஆம் வயதில் இறந்தார்.

இந்தத் தொகுப்பைப் பற்றிய பேச்சு பெரும்பாலும் இரண்டு செய்திகளில் நின்றுவிடுகிறது. ஒன்று ரோட்ஸின் மரணம். மற்றொன்று மேடையில் ஓஸ்போர்ன் வௌவாலைக் கடித்தது. இசையைப் பற்றிய அடிப்படைக் கேள்வி ஒன்று இவற்றுக்கு அடியில் மறைந்துபோகிறது: ஒருவர் பெயரில் வெளிவரும் 'தனித் தொகுப்பு' உண்மையில் யாருடைய படைப்பு?

பின்னணி

ஓஸ்போர்ன் 1948இல் பர்மிங்காம் நகரில் பிறந்தவர். பிளாக் சபாத் குழுவின் பாடகராகப் புகழ்பெற்றார். மிதமிஞ்சிய குடியும் போதைப் பழக்கமும் காரணமாக 1979இல் அக்குழுவிலிருந்து நீக்கப்பட்டார். ஜெட் நிறுவன உரிமையாளர் டான் ஆர்டனின் மகள் ஷரன் ஆர்டன் அவருடைய தொழிலைப் பொறுப்பேற்று நடத்தினார். பின்னர் இருவரும் மணந்துகொண்டனர்.

புதிய குழுவில் மூவர் சேர்ந்தனர். ராண்டி ரோட்ஸ் லாஸ் ஏஞ்சலிஸைச் சேர்ந்தவர். அவருடைய தாய் நடத்திய மியூசோனியா இசைப்பள்ளியில் கற்று, அங்கேயே கிட்டார் ஆசிரியராகவும் இருந்தவர். பேஸ் கிட்டார் கலைஞர் பாப் டெய்ஸ்லி ஆஸ்திரேலியர், ரெயின்போ குழுவில் வாசித்தவர். டிரம்ஸ் கலைஞர் லீ கெர்ஸ்லேக் யூரியா ஹீப் குழுவிலிருந்து வந்தவர். இவர்கள் சேர்ந்து உருவாக்கிய பிளிஸார்ட் ஆஃப் ஓஸ் 1980இல் வெளிவந்து பெரும் வெற்றி பெற்றது. அதன் அலை ஓய்வதற்குள் இரண்டாவது தொகுப்பைப் பதிவுசெய்ய வேண்டும் என்ற அவசரம் இருந்தது. அமெரிக்கச் சுற்றுப்பயணம் தொடங்குவதற்கு முன், 1981இன் தொடக்கத்தில், தெற்கு இங்கிலாந்திலுள்ள ரிட்ஜ் ஃபார்ம் ஸ்டூடியோவில் சில வாரங்களில் ஒலிப்பதிவு முடிக்கப்பட்டது. மேக்ஸ் நார்மன், ஓஸ்போர்ன், ரோட்ஸ் ஆகியோர் தயாரிப்பாளர்கள்.

உறையில் இல்லாத பெயர்கள்

ஒலிப்பதிவு முடிந்தபின், தொகுப்பு வெளிவருவதற்கு முன்பே, டெய்ஸ்லியும் கெர்ஸ்லேக்கும் குழுவிலிருந்து நீக்கப்பட்டனர். அவர்கள் இடத்தில் ரூடி சார்ஸோ பேஸ் கிட்டாருக்கும் டாமி ஆல்ட்ரிட்ஜ் டிரம்ஸுக்கும் அமர்த்தப்பட்டனர். தொகுப்பு வெளிவந்தபோது அதன் உறையில் வாசித்தவர்களாகச் சார்ஸோ, ஆல்ட்ரிட்ஜ் ஆகியோரின் பெயர்களும் படங்களும் இடம்பெற்றன. ஆனால் அவர்கள் இதில் ஒரு சுரம்கூட வாசிக்கவில்லை. இருவருமே பின்னாளில் அதை ஒப்புக்கொண்டனர். கீபோர்டிலும் இதே குழப்பம் உண்டு. வாசித்தவர் ஜானி குக், அச்சான பெயர் டான் ஏரே.

இந்த மோசடியின் தன்மை முதல் பாடலிலேயே தெரிந்துவிடும். ஓவர் தி மவுண்டன் கிட்டாரிலோ குரலிலோ தொடங்குவதில்லை. தனித்து ஒலிக்கும் டிரம்ஸ் உருட்டலில் தொடங்குகிறது. ராக் இசையில் உடனே அடையாளம் காணப்படும் தொடக்கங்களில் அது ஒன்று. அதை வாசித்தவர் கெர்ஸ்லேக். தொகுப்பின் முதல் ஒலியை எழுப்பியவரின் பெயர் வாசித்தவர் பட்டியலில் இல்லை. சுற்றுப்பயணத்திலும் நிகழ்ச்சி இதே பாடலில்தான் தொடங்கியது. கெர்ஸ்லேக்கின் அந்த உருட்டலை ஒவ்வோர் இரவும் ஆல்ட்ரிட்ஜ் மேடையில் வாசித்தார். ஆல்ட்ரிட்ஜ் திறமையில் குறைந்தவர் அல்லர். ஆனால் அவருடைய வாசிப்பு வேறு வகை. வேகமும் அடர்த்தியும் கொண்டது. கெர்ஸ்லேக்கின் வாசிப்பு அடிகளுக்கு இடையில் இடைவெளி விட்டு, பாடலைச் சற்றே பின்னுக்கு இழுத்துப் பிடிப்பது. இந்தத் தொகுப்புக்குக் கனத்தைத் தருவது அந்த நிதானம்.

டெய்ஸ்லியின் பங்கு இன்னும் பெரியது. பேஸ் கிட்டார் வாசித்ததோடு, பாடல் வரிகளில் பெரும்பகுதியை எழுதியவரும் அவரே. தலைப்புப் பாடலில் மனம் சிதைந்த ஒருவன் தன் நிலையைத் தானே பதிவுசெய்கிறான். கேட்பவர்கள் இயல்பாகவே அந்தப் பைத்தியக்காரன் ஓஸ்போர்ன்தான் என்று எடுத்துக்கொண்டார்கள். உறைப்படமும் கிழிந்த உடையில் வெறித்து நிற்கும் ஓஸ்போர்னைக் காட்டி அதையே உறுதி செய்தது. ஆனால் தன் பதின்பருவத்தில் ஏற்பட்ட மன நெருக்கடியிலிருந்தே அந்த வரிகளை எழுதியதாக டெய்ஸ்லி பின்னாளில் கூறியிருக்கிறார். நாட்குறிப்பு ஒருவருடையது, கையொப்பம் வேறொருவருடையது.

பாடல்கள்

பிளிஸார்ட் ஆஃப் ஓஸ் தனித்தனியாக நினைவில் நிற்கும் பாடல்களின் தொகுப்பு. அதிலுள்ள கிரேஸி டிரெய்ன் போல எல்லோரும் அறிந்த பாடல் இரண்டாவது தொகுப்பில் இல்லை. ஆனால் கட்டமைப்பில் இது முன்னதைவிட முதிர்ந்தது. இதன் பாடல்கள் நீளமானவை. ஒரு பாடலுக்குள்ளேயே மனநிலைகள் மாறுகின்றன.

யூ கான்ட் கில் ராக் அண்ட் ரோல் ஏறத்தாழ ஏழு நிமிடப் பாடல். மென்மையான கிட்டார் மீட்டலில் தொடங்கும் சரணங்களும் ஓங்கி எழும் பல்லவியும் மாறிமாறி வருகின்றன. இசைத்தொழிலின் பொய்களைப் பற்றிய கசப்பே அதன் பொருள். பிலீவர் பேஸ் கிட்டாரின் தனி ஊர்வலோடு தொடங்கி, அதன்மேல் கிட்டார் மெல்லக் கவிகிறது. ஃபிளையிங் ஹை அகெய்ன் எளிய, துள்ளலான பாடல். ஆனால் அதன் நடுவிலுள்ள தனிவாசிப்பைப் பல தலைமுறைக் கிட்டார் மாணவர்கள் பாடம்போல் பயின்றிருக்கிறார்கள். ரோட்ஸ் தன் தனிவாசிப்புகளை ஒருமுறை வாசித்துவிட்டு, அதையே அச்சுப் பிசகாமல் மீண்டும் வாசித்து ஒன்றின்மேல் ஒன்றாகப் பதிவுசெய்யும் வழக்கம் கொண்டவர். அவருடைய கிட்டார் ஒலியின் தடிமன் அந்த உழைப்பிலிருந்து வருகிறது. மேடையில் ஒற்றைக் கிட்டாரால் முழுமையாகத் திரும்பக் கொண்டுவர முடியாத ஒலி அது.

தொகுப்பின் உச்சம் தலைப்புப் பாடலே. செவ்வியல் கிட்டாரின் இருண்ட மீட்டலில் அது தொடங்குகிறது. கியூபாவின் செவ்வியல் கிட்டார் இசையமைப்பாளர் லியோ பிரௌவெரின் பயிற்சி இசைத்துண்டு ஒன்றின் தாக்கம் அதில் இருப்பதைப் பலரும் சுட்டியிருக்கிறார்கள். தாளம் வழக்கமான நான்கின் கணக்கில் நிற்காமல் இடறிக்கொண்டே செல்கிறது. ராக் இசைக்குப் பழகிய செவி அடுத்த அடியை எதிர்பார்க்கும் இடத்தில் அது விழுவதில்லை. மனத்தடுமாற்றம் வரிகளில் சொல்லப்படுவதற்கு முன்பே தாளத்தில் நிகழ்ந்துவிடுகிறது. லூயிஸ் கிளார்க் அமைத்த நரம்பிசைப் பகுதியும் இறுதியில் எழும் சேர்ந்திசைக் குரல்களும் பாடலை ஒரு சவ ஊர்வலத்தின் தோற்றத்துக்குக் கொண்டுசெல்கின்றன. இசைப்பள்ளி ஆசிரியரான ரோட்ஸ் ராக் இசைக்குள் கொண்டுவந்த செவ்வியல் பயிற்சி இங்கே அலங்காரமாக இல்லாமல் பாடலின் எலும்புக்கூடாகவே அமைந்திருக்கிறது.

குறைகளும் உண்டு. லிட்டில் டால்ஸ் தொடக்கத்தில் தரும் எதிர்பார்ப்பை நிறைவேற்றுவதில்லை. டுநைட் முதல் தொகுப்பின் குட்பை டு ரொமான்ஸ் பாடலின் இடத்தை நிரப்ப முயன்று, அதன் எளிமையை எட்டாமல் நிற்கிறது. ஒலிப்பதிவில் அவசரத்தின் தடம் சில இடங்களில் தெரிகிறது.

ஓஸ்போர்னின் இடம் என்ன என்ற கேள்விக்கும் இந்தப் பாடல்களே பதில் தருகின்றன. அவர் பெரிய வீச்சுடைய பாடகர் அல்லர். இந்தத் தொகுப்பில் கருவி எதையும் வாசித்தவரும் அல்லர். ஆனால் சிக்கலான கிட்டார் கட்டமைப்பின்மேல் யாரும் முணுமுணுக்கக்கூடிய எளிய மெட்டைப் பொருத்தும் திறன் அவரிடம் இருந்தது. அழுகைக்கும் மிரட்டலுக்கும் நடுவே நிற்கும் அந்தக் குரல் இல்லாவிட்டால் தலைப்புப் பாடல் ஒரு பயிற்சி இசையாகவே எஞ்சியிருக்கும். நால்வரில் ஒருவராக அவருடைய பங்கு உண்மையானது. ஒற்றை ஆசிரியராக முன்வைக்கப்பட்டதே பிழை.

சுற்றுப்பயணம்

ஐரோப்பாவில் தொடங்கிய சுற்றுப்பயணம் 1981 டிசம்பர் இறுதியில் அமெரிக்காவுக்குச் சென்றது. மேடையில் கோட்டை ஒன்று அமைக்கப்பட்டது. ரசிகர்கள் மேல் பச்சை இறைச்சி வீசப்பட்டது. வளர்ச்சி குன்றிய ஒருவரைத் தூக்கிலிடும் காட்சி ஒவ்வோர் இரவும் நடிக்கப்பட்டது. 1982 ஜனவரி 20 அன்று அயோவா மாநிலம் டெ மாயின் நகரில் ரசிகர் ஒருவர் மேடைக்கு வீசிய வௌவாலை ஓஸ்போர்ன் வாயில் வைத்துக் கடித்தார். அது ரப்பர் பொம்மை என்று எண்ணியதாக அவர் சொன்னார். பிறகு வெறிநாய்க்கடிக்கான ஊசிகள் போட்டுக்கொள்ள வேண்டியிருந்தது. பிப்ரவரி 19 அன்று டெக்சஸின் சான் அந்தோனியோ நகரில் அலமோ போர் நினைவுச்சின்னத்தின்மேல் சிறுநீர் கழித்ததற்காகக் கைது செய்யப்பட்டார். அந்நகரில் நிகழ்ச்சி நடத்த அவருக்குப் பத்தாண்டுக் காலம் தடை இருந்தது.

இந்தச் செய்திகள் அரங்குகளை நிரப்பின. ஆனால் நாட்குறிப்பு எழுதும் தனித்த மனிதனின் துயரத்தைப் பேசிய தொகுப்பு, மேடையில் பைத்தியத்தின் கேலிச்சித்திரமாக மாறியது. தொகுப்பில் அச்சம் தருவது தாளத்தின் தடுமாற்றம். மேடையில் அந்த வேலையைக் கசாப்புக்கடை இறைச்சி செய்தது. இதே மாதங்களில் ரோட்ஸ் எதிர்த்திசையில் நகர்ந்துகொண்டிருந்தார். சுற்றுப்பயணத்தில் செல்லும் ஊர்களில் செவ்வியல் கிட்டார் ஆசிரியர்களைத் தேடிப் பாடம் கேட்டார். ராக் இசையிலிருந்து விலகி முறையாகச் செவ்வியல் இசை படிக்கும் எண்ணம் அவருக்கு இருந்தது.

மார்ச் 18 அன்று டென்னசி மாநிலம் நாக்ஸ்வில்லில் நடந்தது ரோட்ஸின் கடைசி நிகழ்ச்சி. மறுநாள் ஆர்லாண்டோ செல்லும் வழியில் குழுவின் பேருந்து புளோரிடாவின் லீஸ்பர்க் அருகே ஒரு சிறு விமானத்தளத்தில் நின்றது. பேருந்து ஓட்டுநர் அங்கிருந்த சிறிய விமானத்தில் ரோட்ஸையும் குழுவின் ஒப்பனைக் கலைஞரையும் ஏற்றிக்கொண்டு பறந்தார். பேருந்துக்கு மேலே மிகத் தாழ்வாகப் பறந்தபோது இறக்கை பேருந்தில் உரசி விமானம் விழுந்து எரிந்தது. மூவரும் இறந்தனர். ஓட்டுநரின் உடலில் கொகெய்ன் இருந்தது பரிசோதனையில் தெரியவந்தது. ரோட்ஸ் விமானப் பயணத்துக்கு அஞ்சுபவர்.

இரண்டு வாரங்களுக்குள் சுற்றுப்பயணம் மீண்டும் தொடங்கியது. ஐரியக் கிட்டார் கலைஞர் பெர்னி டார்மே சில நாட்களில் பாடல்களைக் கற்றுக்கொண்டு சில நிகழ்ச்சிகளில் வாசித்தார். அவருக்குப்பின் பிராட் கில்லிஸ் தொடர்ந்தார். 1982 செப்டம்பரில் நியூயார்க்கின் ரிட்ஸ் அரங்கில் பதிவான ஸ்பீக் ஆஃப் தி டெவில் நேரலைத் தொகுப்பில் எல்லாம் பழைய பிளாக் சபாத் பாடல்கள். ரோட்ஸுடன் உருவாக்கிய பாடல் ஒன்றுகூட இல்லை. ரோட்ஸின் நேரலை வாசிப்பு 1987இல் டிரிபியூட் தொகுப்பாக வந்தது. அதன் பெரும்பகுதி 1981 மே மாதக் கிளீவ்லாந்து நிகழ்ச்சி. அதாவது டைரி ஆஃப் எ மேட்மேன் வெளிவருவதற்கு ஆறு மாதம் முந்தையது.

வழக்கும் மறுபதிப்பும்

டெய்ஸ்லியும் கெர்ஸ்லேக்கும் தங்கள் பெயருக்காகவும் உரிமைத்தொகைக்காகவும் பல ஆண்டுகள் வழக்காடினர். 2002இல் முதல் இரு தொகுப்புகளும் மறுபதிப்பாக வந்தபோது அவர்களுடைய பேஸ் கிட்டாரும் டிரம்ஸும் ஒலிநாடாவிலிருந்தே நீக்கப்பட்டு, ராபர்ட் ட்ரூஹியோ, மைக் போர்டின் ஆகியோரின் வாசிப்பு சேர்க்கப்பட்டது. 1981இல் உறையிலிருந்து பெயர்கள் அழிக்கப்பட்டன. 2002இல் ஒலியே அழிக்கப்பட்டது. ஓவர் தி மவுண்டன் பாடலின் தொடக்கம் வேறொருவரின் கைகளில் ஒலித்தது. ரசிகர்கள் இதைக் கடுமையாக எதிர்த்தனர். அது ஷரனின் முடிவு என்று ஓஸ்போர்ன் பின்னர் தன் வரலாற்று நூலில் குறிப்பிட்டார். வழக்கு 2003இல் தள்ளுபடியானது. ஆனால் 2011இல் வந்த மறுபதிப்பில் மூல ஒலிப்பதிவு திரும்பியது. சட்டம் தராததைக் கேட்பவர்களின் செவி பெற்றுத்தந்தது எனலாம். புற்றுநோயால் பாதிக்கப்பட்டிருந்த கெர்ஸ்லேக், இரு தொகுப்புகளின் பிளாட்டினம் வட்டுகளைத் தனக்கு அனுப்புமாறு ஓஸ்போர்னைக் கேட்டு, 2019இல் பெற்றார். 2020இல் மறைந்தார். ஓஸ்போர்ன் 2025 ஜூலை 22 அன்று மறைந்தார்.

மதிப்பீடு

டைரி ஆஃப் எ மேட்மேன் அமெரிக்கப் பட்டியலில் 16ஆம் இடத்தையும் பிரிட்டனில் 14ஆம் இடத்தையும் எட்டியது. அமெரிக்காவில் மட்டும் முப்பது லட்சம் பிரதிகளுக்கு மேல் விற்றது. செவ்வியல் இசைப் பயிற்சியை ஹெவி மெட்டலின் இலக்கணத்துக்குள் கொண்டுவந்த வகையில், 1980களின் கிட்டார் கலைஞர்களுக்கு இது முன்மாதிரியாக அமைந்தது.

இதன் வரலாறு ஓஸ்போர்னின் கிறுக்குத்தனங்களின் வரலாறாக எழுதப்படும்போது நால்வரின் உழைப்பு ஒருவரின் புராணமாகச் சுருங்கிவிடுகிறது. ரோட்ஸின் மரணத்தின் வரலாறாக மட்டும் எழுதப்பட்டாலும் டெய்ஸ்லியும் கெர்ஸ்லேக்கும் மீண்டும் விடுபட்டுப் போகிறார்கள். இசைத்தொகுப்புகளைப் பயில்பவர்கள் உறையில் அச்சான பெயர்களைச் சான்றாகக் கொள்வது வழக்கம். அந்த வழக்கத்தை ஐயத்தோடு பார்க்க வேண்டும் என்பதற்கு இந்தத் தொகுப்பு ஒரு தெளிவான எடுத்துக்காட்டு. 2002 பதிப்பையும் மூலப் பதிப்பையும் அடுத்தடுத்துக் கேட்பவர்களுக்கு, பின்னணி எனக் கருதப்படும் இரு கருவிகள் ஒரு பாடலின் நடையை எந்த அளவுக்குத் தீர்மானிக்கின்றன என்பது முதல் சில நொடிகளிலேயே விளங்கும்.