கட்டைக் கிரீடம்

திருவண்ணாமலையைச் சுற்றியுள்ள திரௌபதி அம்மன் கோயில்களில் பாரதக் கூத்து நடந்தால், என் கண் முதலில் தேடுவது துரியோதனனின் கிரீடத்தைத்தான். கனமில்லாத கட்டையில் செதுக்கி, பளபளக்கும் தாளும் கண்ணாடிச் சில்லும் ஒட்டியது. தோளுக்கும் மார்புக்கும் தனிக் கட்டைகள். அத்தனையும் கட்டிக்கொண்டு விடியவிடிய கிறுகிறுவென்று சுற்றுகிறார்கள். என்ன உடல் அது!

வெள்ளைக்கார அரசு 1876-இல் நாடகங்களைத் தடைசெய்யச் சட்டம் போட்டது. இந்தக் கூத்தைப் போன்ற சமயத் திருவிழா ஆட்டங்களை மட்டும் விட்டுவைத்தது. கனடாவின் பழங்குடியினரான கிரீ மக்களுக்கு அங்கே அப்படியொரு விலக்கும் இல்லை. தாக நடனம் என்னும் அவர்களுடைய சமய ஆட்டத்தின் முக்கியச் சடங்குகள் 1895 முதல் 1951 வரை குற்றம். மறைவாக ஆடியே காத்தார்கள்.

இங்கே கூத்தைப் பரம்பரைக் கலைஞர்கள் காத்தார்கள். திருவண்ணாமலை மாவட்டத்துப் புரிசையில் கண்ணப்பத் தம்பிரான் வழியினர் இளையவர்களுக்கு அடவு சொல்லிக்கொடுக்கிறார்கள்.