எடை குறைந்த இசை: எல். வைத்தியநாதனின் திரைப்பணி

திருவண்ணாமலை மாவட்டத்து ஆரணியில் நெய்யப்படும் பட்டு, எடை குறைந்தது என்பதனாலேயே பெயர் பெற்றது. சரிகையின் கனம் மிகாதபோது பாவு நூலும் ஊடை நூலும் ஒன்றையொன்று கடந்து செல்லும் சீர் கண்ணுக்குத் தெரிகிறது. காட்சிக்குப் பின்னால் ஒலித்து அதன் உணர்வைப் பார்ப்பவருக்குக் கடத்தும் பின்னணி இசையில் இந்த நெசவை அறிந்திருந்தவர் எல். வைத்தியநாதன். பாடல்களைக் கொண்டே இசையமைப்பாளரை அளந்து பழகிய தமிழ்நாட்டில் அவர் பெயர் அதிகம் பேசப்படாததில் வியப்பில்லை.

வயலின் கலைஞர் வி. லட்சுமிநாராயணாவின் மகனாக 1942-இல் பிறந்த அவர், தம்பியர் எல். சுப்பிரமணியம், எல். சங்கர் ஆகியோருடன் சேர்ந்து வயலின் கச்சேரிகள் செய்து, பின்னர் ஜி. கே. வெங்கடேஷிடம் உதவியாளராக இருந்து திரையிசையின் நுணுக்கங்களைக் கற்றார். கன்னடத்தில் சி. அஸ்வத்துடன் இணைந்து 'அஸ்வத்–வைதி' என்ற இரட்டைப் பெயரில் இயங்கினார். ஹரிஹரன் இயக்கிய 'ஏழாவது மனிதன்' படத்தில் (1982) பாரதியின் பாடல்களுக்கு இசையமைத்தபோது, முன்பே பலர் மெட்டமைத்துப் பாடிய வரிகளைப் புதிதாகக் கேட்க வைத்தார். 'காக்கைச் சிறகினிலே' யேசுதாஸின் குரலில் இன்றும் நிலைத்திருப்பதற்கு அந்த மெட்டின் அடக்கமே காரணம்.

ஆனாலும் அவருடைய தனித்திறன் சொற்கள் இல்லாத இடத்திலேதான் முழுமையாக வெளிப்பட்டது. ஆர். கே. நாராயணின் கதைகளைக் கொண்டு சங்கர் நாக் இயக்கி, தூர்தர்ஷனில் ஒளிபரப்பான 'மால்குடி டேஸ்' தொடரின் தலைப்பிசையில், அதாவது தொடரின் பெயரும் கலைஞர் பெயர்களும் திரையில் ஓடும்போது ஒலிக்கும் இசையில், பொருளற்ற அசைகளை முணுமுணுக்கும் மனிதக் குரல் ஒன்றே ஒரு சிற்றூரின் வெயிலையும் சோம்பலையும் குறும்பையும் காட்டிவிடுகிறது. மொழி இல்லாததனால் இந்தியா முழுவதும் அதைத் தன் ஊர்ப் பாட்டாக ஏற்றுக்கொண்டது.

சிங்கீதம் சீனிவாச ராவின் 'பேசும் படம்' (1987) இன்னும் கடினமான சோதனை. வசனமே இல்லாத படத்தில் வெற்றிடத்தையெல்லாம் இசையால் அடைத்துவிடும் ஆசை எவருக்கும் எழும். ஆனால் கதாநாயகன் தான் பழகிய இரைச்சலைப் பதிவுசெய்து கேட்டால்தான் ஆடம்பர விடுதியில் தூங்க முடிகிறது என்ற நகைச்சுவைக்கு உயிரே சுற்றுப்புற ஒலிதான். அங்கே இசை குறுக்கிட்டால் நகைச்சுவை செத்துவிடும். வைத்தியநாதன் ஒதுங்கி நின்று, தேவையான நொடியில் மட்டும் நுழைகிறார். பாலுமகேந்திராவின் 'சந்தியா ராகம்', சேதுமாதவனின் 'மறுபக்கம்' ஆகிய படங்களிலும் அவர் பங்கு உண்டு.

2007-இல் அவர் மறைந்தார். வெறும் ஒலிப்பெருக்கத்தைப் பின்னணி இசை என்று கொண்டாடிய தமிழ்த் திரையுலகம், இவரை இன்னும் பல மடங்கு பயன்படுத்தியிருக்க வேண்டும்.