படைக் கணக்கும் வரலாற்றுச் சான்றும்

பதினாறாம், பதினேழாம் நூற்றாண்டுகளில் ஈழத்தில் நிகழ்ந்த போர்களைப் பற்றிய நூல்கள் வெற்றி தோல்விகளை விரித்துரைக்கும். களத்தில் நின்ற படைகள் யாரால் ஆனவை, அவற்றை எண்ணியவர் யார் என்னும் வினாக்களோ பெரும்பாலும் அடிக்குறிப்பளவில் நின்றுவிடுகின்றன. இவ்வினாக்களைத் தவிர்ப்பின், எழுதியவனின் நோக்கே வரலாறாகிவிடும்.

1587இல் சீதாவாக்கை மன்னன் முதலாம் இராஜசிங்கன் கொழும்புக் கோட்டையை முற்றுகையிட்டான். அவனிடம் 50,000 போர்வீரரும், 60,000 ஏவலாளரும், 2,200 யானைகளும், 40,000 எருதுகளும் இருந்தனவெனக் கூட்டோவின் வழிவந்த போர்த்துக்கேய வரலாறுகள் கூறும். கூட்டோ கோவாவிலிருந்து எழுதியவர். அங்குள்ள ஆவணக் காப்பகத்தின் பொறுப்பாளர். ஆவணங்கள் அவர் கைக்கெட்டியவை, களம் அவ்வாறன்று.

இவ்வெண்களைச் சோதிக்கப் பிற ஆவணம் வேண்டியதில்லை. ஒரு யானைக்கு நாளொன்றுக்கு ஏறத்தாழ 150 கிலோகிராம் தழை வேண்டுமெனக் கொண்டால், 2,200 யானைகளுக்கு அன்றாடம் 330 தொன் தேவை. கோட்டைக்கு வெளியே கிடந்த இன்றைய கொட்டாஞ்சேனை போன்ற பகுதிகள் இதனை மாதக்கணக்கில் அளித்திருத்தல் அரிது. ஆயினும் எண் மிகையென்பதால் செய்தி முழுவதும் பொய்யாகாது. கோட்டையைக் காத்த ஏரியை வடித்தற்கு இராஜசிங்கன் கால்வாய் வெட்டுவித்தான். மண் வெட்டுவோர் போர்வீரரினும் மிக்கிருந்தனர் என்னும் குறிப்பு இதனோடு பொருந்துகின்றது. எண் ஐயத்துக்குரியது, வகைப்பாடு பயனுடையது.

எண்ணப்படாதோரின் நிலை வேறு. போர்த்துக்கேயத் தளபதிகள் பெயராற் சுட்டப்பெறுவர். அவர்களுக்காகப் போரிட்ட உள்நாட்டு லஸ்கரீன்களோ கூட்டமாகவே குறிக்கப்பெறுவர். 1630இல் ரந்தெனிவெலவில் லஸ்கரீன்களும் அவர்தம் முதலிமாரும் அணிமாறக் கொன்ஸ்தந்தீனு த சா வீழ்ந்தார். இதனை விரித்துரைத்து 1681இல் லிஸ்பனில் வெளிவந்த நூலை எழுதியவர் அவருடைய மகன். தந்தையின் புகழைக் காக்கும் நூலில் உள்நாட்டார் துரோகிகளாவது வியப்பன்று. எனினும் அந்நூலே, தான் எண்ணாது விட்ட உண்மையை ஒப்புக்கொள்கின்றது: எவர் விலகியதும் படை சிதைந்ததோ, அவரே அப்படையின் பெரும்பகுதி.

அவர்களை அறியத் தோம்புகள் ஓரளவு உதவும். ஊர், வயல், உரிமையாளன், நிலத்துக்கு ஈடாக ஆற்றவேண்டிய சேவை ஆகியன அவற்றிற் பதிவாகியுள்ளன. ஆனால் தோம்பு கடமையைக் காட்டுமேயன்றிக் களத்துக்கு வந்தோரைக் காட்டாது.

தமிழ் மூலங்களுக்கும் இதே அளவுகோல் பொருந்தும். மயில்வாகனப் புலவரின் யாழ்ப்பாண வைபவமாலை ஒல்லாந்தர் காலத்தது; யாழ்ப்பாண அரசு வீழ்ந்த 1619க்கு நூறாண்டுக்குப் பிற்பட்டது. சங்கிலி என்னும் பெயருடைய இருவரின் செய்திகள் அதில் ஒருவர்மேல் ஏற்றப்பட்டுள்ளன. தஞ்சை நாயக்கர் அனுப்பிய வடுகப்படை யாழ்ப்பாணத்துக்காகப் போரிட்டதைப் போர்த்துக்கேய மூலங்களே விரிவாகச் சொல்கின்றன.

எனவே அக்காலப் படைகளைச் 'சிங்களப் படை', 'தமிழ்ப் படை', 'பறங்கிப் படை' எனத் தனித்தனியே வகுப்பது பிற்காலப் பகைமையை முற்காலத்தின்மேல் ஏற்றுவதாகும். கூலியும் நிலமும் மன்னனிடத்துக் கொண்ட பற்றும் அச்சமும் வெவ்வேறு மாந்தரை ஓரணியில் நிறுத்தின. அவர்களை எண்ணுமுன், எண்ணியவனை அறிதல் ஆய்வாளனின் முதற்கடனாகும்.