பீடத்தில் எழுதியவர் யார்?

வார்சோ நகரின் ஸ்தாசிச் மாளிகை முன்பாக வானியலாளர் கொப்பர்னிக்கஸ் அமர்ந்திருக்கிறார். டென்மார்க்கின் தோர்வால்ட்சன் வடித்த வெண்கலச் சிலை. 1830 மே மாதம் திறந்துவைக்கப்பட்டது. சிற்பம் என்ற அளவில் அது நம்மைப் பெரிதாக ஈர்க்கவில்லை. கையில் கவராயம், வானக்கோளம், நீண்ட அங்கி, மேல்நோக்கிய முகம். கம்பீரம் இருக்கிறது, ஆளைக் காணோம். தன் நூலை வெளியிடப் பல ஆண்டுகள் தயங்கிய மனிதரின் அச்சம் அந்த முகத்தில் எங்குமில்லை.

நாம் பார்க்க வேண்டியது பீடத்தை. ஒருபுறம் இலத்தீனில் 'நன்றியுள்ள தாய்நாடு', மறுபுறம் போலிஷ் மொழியில் 'நாட்டவர்' எனப் பொறித்திருக்கிறது. அன்று வார்சோ ருஷ்யச் சக்கரவர்த்தியின் ஆட்சியில் இருந்தது. சொந்த அரசு இல்லாதவர்கள் தாய்நாட்டின் பெயரால் கையொப்பமிட்டார்கள்!

பின்னர் நாஜிகள் வந்தார்கள். சிலையை உடைக்கவில்லை, போலிஷ் எழுத்தை மறைத்து ஜேர்மன் மொழிப் பலகையொன்றைப் பூட்டினார்கள். அவமதிப்பதைவிடத் தந்திரமானது இந்தப் பாராட்டு. 1942 பெப்ரவரியில் அலெக்ஸி தவிதோவ்ஸ்கி என்ற 21 வயது இளைஞன் அதன் திருகாணிகளைக் கழற்றினான். பழிவாங்க ஜேர்மனியர், 1794 எழுச்சியை நடத்திய செருப்புத் தொழிலாளி கிலின்ஸ்கியின் சிலையை அகற்றினார்கள். உடனே நகரில் ஓர் அறிவித்தல் தோன்றியது: அதற்குப் பதிலடியாகக் குளிர்காலத்தை நீட்டிக்கிறேன், இப்படிக்கு கொப்பர்னிக்கஸ், வானியலாளர். தோர்வால்ட்சனால் தர முடியாத உயிரை இந்தப் பகிடி அந்த வெண்கலத்துக்குத் தந்துவிட்டது. தவிதோவ்ஸ்கி மறு ஆண்டு மார்ச்சில், சிறைப்பட்ட தோழனை மீட்கும் தாக்குதலில் காயமுற்று இறந்தான்.

ஒன்றை மறைக்கக்கூடாது. கொப்பர்னிக்கஸ் போலந்து மன்னனின் குடியாக 1473இல் தோருன் நகரில் பிறந்தவர். ஆனால் எஞ்சியுள்ள அவரது எழுத்துகள் இலத்தீனிலும் ஜேர்மனிலுமே உள்ளன. போலிஷில் ஒரு வரி கிடைக்கவில்லை. 'நாட்டவர்' என்ற சொல்லும் அவரிடம் கேட்டுப் பொறித்ததல்ல. இருந்தும் இரண்டு உரிமை கோரல்களையும் சமமாக வைக்க நம்மால் முடியவில்லை. ஒன்று இல்லாத நாட்டை நினைத்து எழுதியது. மற்றது இருந்த மொழியை அழிக்க எழுதியது.

1944இல் ஜேர்மனியர் சிலையையே பெயர்த்துச் சென்றனர். போர் முடிந்து அது கண்டெடுக்கப்பட்டு, பழைய இடத்துக்கே திரும்பியது. அதன் பிரதிகள் 1967இல் மொன்றியலிலும் 1973இல் சிக்காகோவிலும் எழுந்தன. நிறுவியவர்கள் புலம்பெயர்ந்த போலந்துக்காரர். அங்கே முகத்தைப் படம் பிடிப்பவர்கள் பலர். நாம் போனால் குனிந்து பீடத்தைத்தான் படிப்போம்.